வீட்டில் எழுதும் தேர்வுக்கு எத்தனை பூட்டு?

என்பிடெல் இணையவழிப் பாடங்களின் வாராந்திர ஒப்படைப்புக்குப் பெரும்பாலும் புதன்கிழமை இரவு 11.59 மணிதான் கெடு. அதற்கு முன்பே யூடியூபில் பாடத்தின் பெயரையும் வார எண்ணையும் தட்டினால் போதும், விடைகள் வரிசைகட்டி நிற்கும். நூறு சதவீதம் சரி என்று முகப்புப் படத்திலேயே உத்தரவாதம் கொடுத்திருப்பார்கள். டெலிகிராம் குழுக்களில் இன்னும் சீக்கிரம் கிடைத்துவிடும். பத்துக் கேள்வி, பத்துக் கிளிக், இரண்டு நிமிட வேலை. மாணவர்கள் இதை யாரிடமும் மறைப்பதுகூட இல்லை. ‘அசைன்மென்ட் முடிச்சாச்சா?’ என்று கேட்டால், ‘லிங்க் இன்னும் வரல சார்’ என்று முகம் மாறாமல் சொல்வார்கள்.

ஐஐடிகளும் ஐஐஎஸ்சியும் சேர்ந்து நடத்த, சென்னை ஐஐடி ஒருங்கிணைக்கும் திட்டத்தில் இப்படியா என்று தலையில் அடித்துக்கொள்பவர்கள் உண்டு. எனக்கு அந்தப் பதற்றம் இல்லை. இது நடக்கும் என்று எதிர்பார்த்துப் போட்ட கணக்காகவே அந்தத் திட்டத்தின் மதிப்பெண் முறை தெரிகிறது. ஒப்படைப்புக்கு 25. மையத்துக்கு நேரில் போய், அடையாள அட்டையைக் காட்டி, கண்காணிப்பாளர் முன்னால் எழுதும் தேர்வுக்கு 75. 12 வாரப் பாடத்தில் சிறந்த 8 ஒப்படைப்புகளை மட்டும் எடுத்துக்கொள்வார்கள். கெடு முடியும்வரை எத்தனை முறை வேண்டுமானாலும் விடையை மாற்றிச் சமர்ப்பிக்கலாம். 25-க்குக் குறைந்தது 10, 75-க்குக் குறைந்தது 30 என்று இரண்டிலும் தனித்தனியாகத் தேறினால்தான் சான்றிதழ். யூடியூப் புண்ணியத்தில் 25-க்கு 25 வாங்கியவர் மையத்தில் 75-க்கு 22 எடுத்தால் அந்த 25-ஐ வைத்துக்கொண்டு ஒன்றும் செய்ய முடியாது. திருடன் தாராளமாக உள்ளே வரலாம், எடுத்துப்போக ஒன்றும் இல்லாத வீடு அது.

நம் கல்லூரிகள் பலவற்றில் நிலைமை நேர்மாறு. அண்ணா பல்கலைக்கழகத்தின் 2017 ஒழுங்குமுறையில் எழுத்துப் பாடங்களுக்கு அக மதிப்பெண் 20. 2021 ஒழுங்குமுறையில் அது 40 ஆனது. ஒரு மாணவரின் ஆறு மாத உழைப்பை ஒரே ஒரு மூன்று மணி நேரத் தேர்வில் அளக்கக்கூடாது என்ற எண்ணம் நியாயமானதுதான். ஆனால், அக மதிப்பெண் பெருகப் பெருக, அதைக் கணக்குக் காட்டி நிரப்பும் வேலையும் பெருகுகிறது. தன்னாட்சிக் கல்லூரிகளுக்கும் தனியார் பல்கலைக்கழகங்களுக்கும் இதில் கைகொடுப்பது எல்எம்எஸ் என்ற கற்றல் மேலாண்மை மென்பொருள் வழியாக நடத்தும் ஆன்லைன் குவிஸ். அது தானே திருத்திக்கொள்ளும், தானே எக்செல் பட்டியல் போட்டுத் தரும். தரமதிப்பீடு செய்ய நாக் குழு வந்தால் ‘தொழில்நுட்பப் பயன்பாடு’ என்ற தலைப்பின்கீழ் அச்செடுத்துக் காட்டலாம். மாணவர் வீட்டிலோ விடுதிக் கட்டிலிலோ இருந்தபடி கால் மணி நேரத்தில் எழுதுகிறார். அந்த மதிப்பெண் ஒட்டுமொத்தச் சராசரியான சிஜிபிஏவில் சேருகிறது. வேலைவாய்ப்பு முகாமில் யார் உள்ளே, யார் வெளியே என்று அந்த சிஜிபிஏ முடிவுசெய்கிறது. எடுத்துப்போக நிறைய இருக்கும் இடம் இது. அதனால்தான் பூட்டுகளைத் தேடி அலைகிறார்கள்.

இந்தப் பூட்டுகளில் பெரும்பாலானவை பூட்டுவதே இல்லை என்பதும், அவற்றின் செலவு நேர்மையான மாணவர்களின் தலையில் விழுகிறது என்பதும்தான் நான் சொல்ல வருவது. வீட்டுக்குக் காவல் போடுவதைவிட மதிப்பெண்ணை அங்கிருந்து அப்புறப்படுத்துவது சுலபம்.

முதலில், கையில் இருக்கும் கருவிகள். மூடில் என்ற கட்டற்ற மென்பொருளை ஆஸ்திரேலியாவின் மார்ட்டின் டூகியாமஸ் உருவாக்கி வெளியிட்டு இருபது ஆண்டுகளுக்கு மேல் ஆகிவிட்டன. தமிழ்நாட்டில் பல கல்லூரிகளின் எல்எம்எஸ் உண்மையில் அதுதான், மேலே கல்லூரியின் இலச்சினை மட்டும் ஒட்டியிருக்கும். அதில் வினாத்தேர்வு அமைக்கும் பக்கத்தைத் திறந்தால் தலை சுற்றும். எப்போது திறப்பது, எப்போது மூடுவது, எத்தனை நிமிடம், எத்தனை முயற்சி, கேள்விகளின் வரிசையைக் கலைப்பதா, விடைகளின் வரிசையையும் கலைப்பதா, முந்தைய கேள்விக்குத் திரும்ப விடுவதா, கடவுச்சொல் வேண்டுமா, எந்த ஐபி முகவரியிலிருந்து மட்டும் அனுமதிப்பது, சரியான விடையை எப்போது காட்டுவது என்று நீண்டுகொண்டே போகும். அவசரத்தில் இருக்கும் ஆசிரியர் நிமிடத்தையும் கலைப்பையும் மட்டும் தொட்டுவிட்டுச் சேமித்துவிடுவார். பட்டியலின் கடைசியில் இருக்கும் ‘விடையை எப்போது காட்டுவது’ என்பதுதான் உண்மையில் பெரிய ஓட்டை. முதல் பிரிவு மாணவர் சமர்ப்பித்ததுமே திரையில் சரியான விடைகள் வந்துவிட்டால், மதியம் எழுதும் இரண்டாம் பிரிவுக்கு அதுவே நோட்ஸ்.

வரிசையைக் கலைப்பதால் ‘டேய், மூணாவதுக்கு என்னடா?’ என்ற ஒரு கேள்விதான் ஒழியும். கேள்வியையே ஸ்கிரீன்ஷாட் எடுத்து வாட்ஸ்அப் குழுவில் போட்டுவிட்டால் மூணாவதா ஏழாவதா என்பது யாருக்கு வேண்டும்? ஒவ்வொருவருக்கும் வேறு வேறு கேள்வி விழும்படி பெரிய வினா வங்கி வைத்திருந்தால் ஓரளவு பலன் உண்டு. பத்துக் கேள்வித் தேர்வுக்கு நூறு கேள்வியாவது வேண்டும். கொள்குறி வினா எழுதிப் பார்த்தவர்களுக்குத் தெரியும், சரியான விடையை எழுதுவது எளிது, நம்பும்படியான மூன்று தவறான விடைகளை எழுதுவதில்தான் நாக்குத் தள்ளிவிடும். நான்கு பாடம் எடுக்கும் உதவிப் பேராசிரியர் அதற்கெல்லாம் எங்கே போவார்? இணையத்திலிருந்து எடுக்கிறார். அங்கே கேள்வியோடு விடையும் இருக்கிறது. மாணவர் தேடுவதும் அதே இணையத்தில்தான்.

இந்தக் கருவிகளில் எனக்கு உண்மையாகவே பிடித்த ஒன்று உண்டு. அதைத்தான் நம்மவர்கள் அதிகம் தொடுவதில்லை. மூடிலில் எண்களை மாற்றி மாற்றித் தரும் கணக்கீட்டு வினா வகை இருக்கிறது. ஒருவருக்கு 12 வோல்ட், 4 ஓம் என்று வரும், அடுத்தவருக்கு 9 வோல்ட், 6 ஓம். முதலாமவர் நல்ல மனதோடு அனுப்பும் ‘3 ஆம்பியர்’ இரண்டாமவருக்குத் தவறு, அவருடைய விடை 1.5. அவர் இனி ‘விடை என்ன?’ என்று கேட்டுப் பயனில்லை, ‘எப்படிப் போட்டாய்?’ என்றுதான் கேட்க வேண்டும். அதை நண்பர் சொல்லிக்கொடுத்தால் அதைக் காப்பி என்று சொல்வதா, பாடம் என்று சொல்வதா? கணக்கு, இயற்பியல், பொறியியல் பாடங்களுக்கு இது பொருந்தும். வரலாற்றுக்கும் தமிழ் இலக்கியத்துக்கும் பொருந்தாது.

நேரத்தைக் குறைப்பது எல்லாரும் முதலில் கைவைக்கும் வழி. கேள்விக்கு முப்பது விநாடி கொடுத்தால் தேடிப் பார்க்க நேரம் இருக்காது என்பது வாதம். ஆங்கிலவழியில் படித்து வந்த மாணவருக்கு நான்கு வரிக் கேள்வியைப் படிக்கப் பத்து விநாடி போதும். அரசுப் பள்ளியில் பன்னிரண்டு வரை தமிழ்வழியில் படித்துவிட்டு முதலாண்டு பொறியியலில் உட்கார்ந்திருக்கும் மாணவிக்கு அது கேள்வி புரிவதற்கே ஆகும் நேரம். பாடம் தெரியுமா என்று சோதிக்கிறோம் என்று நினைத்துக்கொண்டு அவர் ஆங்கிலம் வாசிக்கும் வேகத்தைச் சோதிக்கிறோம். காப்பியடிப்பவருக்கோ இதனால் பெரிய தொந்தரவு இல்லை. நான்கு நண்பர்கள் ஒரே அறையில் உட்கார்ந்து கேள்விகளைப் பங்குபோட்டுக்கொண்டால் முப்பது விநாடி ஏராளம். நேரக் கட்டுப்பாட்டில் அடிபடுவது தனியாக உட்கார்ந்து எழுதும் பிள்ளைதான்.

அடுத்தது பூட்டிய உலாவி. சுவிட்சர்லாந்தின் சூரிச் நகரிலுள்ள ஈடிஹெச் பல்கலைக்கழகம் உருவாக்கிய ‘சேஃப் எக்ஸாம் பிரவுசர்’ இலவசமாகக் கிடைக்கிறது, மூடிலோடு நன்றாகவே இணையும். தேர்வு முடியும்வரை கணினியில் வேறு எதையும் திறக்க விடாது. கல்லூரி ஆய்வகத்தில், ஆசிரியர் நடமாடிக்கொண்டிருக்கும் அறையில், இது அருமையான கருவி. வீட்டில் இதன் கதை வேறு. கணினியைத்தான் அது பூட்டும், பக்கத்தில் கிடக்கும் கைப்பேசியை என்ன செய்யும்?

அந்தக் கைப்பேசியைப் பிடிக்கத்தான் கேமரா வந்தது. கொரோனா காலத்தில் உலகமே இதற்குப் பணத்தைக் கொட்டியது. தமிழ்நாட்டிலும் ஒரு பெரிய பரிசோதனை நடந்தது. அண்ணா பல்கலைக்கழகத்தின் 2020 நவம்பர், டிசம்பர் செமஸ்டர் தேர்வு 2021 பிப்ரவரியில் இணையவழியில், செயற்கை நுண்ணறிவுக் கண்காணிப்போடு நடந்தது. முடிவு வந்தபோது ஏராளமானோர் தேறவில்லை, பலருடைய முடிவுகள் முறைகேட்டுச் சந்தேகத்தில் நிறுத்திவைக்கப்பட்டன. வீட்டுச் சத்தத்தையும், தலை திரும்பியதையும், நெட்வொர்க் போனதையும் மென்பொருள் முறைகேடு என்று எடுத்துக்கொண்டது என மாணவர்கள் புகார் சொன்னார்கள். இரண்டு அறை வீட்டில், பக்கத்தில் தம்பியின் ஆன்லைன் வகுப்பு ஓட, சமையலறைக் குக்கர் விசிலடிக்க, தேர்வு முடியும்வரை ஒரு பிள்ளை தலையைத் திருப்பாமல் இருக்க வேண்டும் என்பதை எந்த ஊர் வீட்டை மனதில் வைத்து வடிவமைத்தார்களோ! அந்த ஆண்டு மே மாதம் பொறுப்பேற்ற உயர்கல்வித் துறை அமைச்சர் க. பொன்முடி மறுதேர்வு அறிவித்தார்.

கேமரா அப்பாவிகளைப் பிடிக்கிறது என்பது ஒருபுறம். தப்பு செய்தவர்களையாவது பிடிக்கிறதா? நெதர்லாந்தின் ட்வென்டெ பல்கலைக்கழகத்தில் இதைச் சோதித்தே பார்த்தார்கள். கணினி அறிவியல் மாணவர்கள் 30 பேரை ‘ப்ராக்டோரியோ’ மென்பொருளின் கண்காணிப்பில் தேர்வு எழுத வைத்து, அவர்களில் 6 பேரிடம் மட்டும் காப்பியடிக்கச் சொன்னார்கள். மென்பொருள் அந்த ஆறு பேரில் ஒருவரையும் சுட்டவில்லை. பதிவான காட்சிகளைப் பின்னர் பார்த்த மனிதர் ஒரே ஒருவரைக் கண்டுபிடித்தார். 2021-இல் வெளியான இந்த ஆய்வு சிறியதுதான், முப்பது பேரை வைத்து உலகத்துக்கே தீர்ப்பு சொல்ல முடியாது. ஆனால், ஆறில் பூஜ்யம் என்ற விடையைப் பார்த்துவிட்டுக் கொள்முதல் உத்தரவில் கையெழுத்துப் போடும் பதிவாளருக்குக் கொஞ்சமாவது கை நடுங்க வேண்டும். அதே மென்பொருளின் முகம் காணும் பகுதி கறுப்பின முகங்களில் பாதிக்கு மேற்பட்டவற்றை முகம் என்றே உணரவில்லை என்பதும் அதே ஆண்டு அமெரிக்காவில் ஒரு மாணவர் செய்த சோதனையில் வெளிவந்தது.

இந்தத் தொழிலின் முன்னோடிகளில் ஒன்றான ‘ப்ராக்டர்யூ’ நிறுவனம் 2021 மே மாதத்தில், மனிதர் பார்க்காமல் மென்பொருள் மட்டுமே கண்காணிக்கும் சேவையை இனி விற்கப்போவதில்லை என்று அறிவித்தது. மென்பொருள் சந்தேகம் என்று குறித்த அமர்வுகளில் ஏறக்குறைய 11 சதவீதத்தைத்தான் கல்வி நிறுவனங்கள் திறந்தே பார்க்கின்றன என்பதையும் அது ஒப்புக்கொண்டது. மீதியை யாரும் பார்ப்பதில்லை. பார்க்கப்படாத அந்தக் காட்சிகளில் படுக்கையறைகள் இருக்கின்றன, முகங்கள் இருக்கின்றன, அடையாள அட்டைகள் இருக்கின்றன. இதே நிறுவனத்திடமிருந்து 2020-இல் சுமார் 4.44 லட்சம் பேரின் விவரங்கள் கசிந்தன. அமெரிக்காவின் ஒகையோ மாநிலத்திலுள்ள கிளீவ்லாந்து மாநிலப் பல்கலைக்கழகம் வேதியியல் தேர்வுக்கு முன்னால் ஒரு மாணவரிடம் அறையைக் கேமராவில் சுற்றிக் காட்டச் சொன்னது. அவர் வழக்குத் தொடுத்தார். அவ்வாறு வீட்டறையைக் காட்டச் சொன்னது அரசியல் சட்டம் தடைசெய்யும் சோதனையே என்று 2022 ஆகஸ்டில் கூட்டாட்சி மாவட்ட நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று நம் உச்ச நீதிமன்றமும் 2017-லேயே சொல்லிவிட்டது. ஒரு வினாத்தேர்வுக்காக மாணவியின் படுக்கையறையைப் படம்பிடித்துச் சேமிப்பது அந்த உரிமையோடு எப்படி ஒத்துப்போகும் என்று நம் நிர்வாகக் குழுக்களில் யாரும் கேட்டதாகத் தெரியவில்லை.

கேமரா வேண்டாம், எல்எம்எஸ் பதிவேட்டைப் பார்த்தே பிடித்துவிடலாம் என்று நினைப்பவர்கள் அமெரிக்காவின் டார்ட்மவுத் மருத்துவக் கல்லூரியில் நடந்ததைப் படிக்க வேண்டும். 2021-இல் அந்தக் கல்லூரி 17 மாணவர்கள்மீது முறைகேட்டுக் குற்றம் சாட்டியது. ஆதாரம், ‘கேன்வாஸ்’ என்ற எல்எம்எஸ்ஸின் பதிவுகள். தேர்வு நேரத்தில் அவர்கள் கணக்கிலிருந்து பாடக் கோப்புகள் திறக்கப்பட்டதாக அந்தப் பதிவுகள் காட்டின. மாணவர் தொடாமலே, திறந்து கிடக்கும் வேறொரு கருவி தானாகப் பக்கத்தைப் புதுப்பித்துக்கொண்டாலும் அதே தடம்தான் விழும் என்பது பிறகு தெரியவந்தது. ஜூன் மாதம் கல்லூரி அத்தனை குற்றச்சாட்டுகளையும் கைவிட்டது, கல்லூரித் தலைவர் மன்னிப்பும் கேட்டார். நடுவில் சில மாணவர்களுக்குத் தண்டனை வரை போய்விட்டது.

இங்கே இதே தவறு ஐபி முகவரியில் நடக்கிறது. ‘ஐந்து பேரும் ஒரே ஐபியிலிருந்து எழுதியிருக்கிறார்கள், கூட்டுச் சேர்ந்துவிட்டார்கள்’ என்று ஒரு துறைத் தலைவர் முடிவுகட்டினால் அவரைக் குறை சொல்ல முடியாது, பார்த்தால் அப்படித்தான் தோன்றும். ஒரு விடுதி முழுக்க ஒரே வைஃபை இணைப்பு என்றால் வெளியே தெரிவது ஒரே முகவரிதான். கைப்பேசி நிறுவனங்களோ முகவரித் தட்டுப்பாட்டால் ஒரே முகவரியை ஒரே நேரத்தில் பல வாடிக்கையாளர்களுக்குப் பகிர்ந்து கொடுக்கின்றன. திருநெல்வேலியில் ஒருவரும் தென்காசியில் ஒருவரும் ஒரே ஐபியில் தெரிய வாய்ப்பு உண்டு. பதிவேட்டில் இருப்பது சந்தேகத்துக்குக் காரணம். அதைக் குற்றத்துக்கு ஆதாரமாக்க வேண்டுமானால் மாணவரைக் கூப்பிட்டு உட்காரவைத்துப் பேச வேண்டும். அதைத்தான் யாரும் செய்வதில்லை, தானாகவே பூஜ்யம் விழுகிறது.

இவ்வளவு சொல்வதால் காப்பி ஒரு பெரிய விஷயமில்லை என்று நான் சொல்வதாக எடுத்துக்கொள்ள வேண்டாம். பிரிட்டனின் ஸ்வான்சி பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த பிலிப் நியூட்டனும் அவருடைய சக ஆய்வாளரும் பல நாட்டு ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்தார்கள். இணையத் தேர்வில் முறைகேடு செய்ததாகத் தாங்களே ஒப்புக்கொண்டவர்கள் கொரோனாவுக்கு முன் 29.9 சதவீதம், கொரோனா காலத்தில் 54.7 சதவீதம். ஒப்புக்கொண்டவர்கள் மட்டும்! ‘செக்’ என்ற வீட்டுப்பாட உதவித் தளத்தில் ஐந்து அறிவியல், தொழில்நுட்பப் பாடங்களில் மாணவர்கள் போட்ட கேள்விகள் 2020 ஏப்ரல் முதல் ஆகஸ்ட் வரை, முந்தைய ஆண்டின் அதே மாதங்களைவிட 196 சதவீதம் கூடியதாக லண்டன் இம்பீரியல் கல்லூரியின் தாமஸ் லங்காஸ்டர் கணக்கிட்டார். அமெரிக்க ராணுவத்தின் வெஸ்ட் பாயின்ட் கல்லூரி, பொய் சொல்லமாட்டேன், ஏமாற்றமாட்டேன் என்ற உறுதிமொழிக்குப் பேர்போனது. அங்கேயே 2020-இல் தொலைவிலிருந்து எழுதிய நுண்கணிதத் தேர்வில் 73 பேர் சிக்கினார்கள்.

இதற்கு எதிர்ச்சாட்சியும் ஒன்று உண்டு. அமெரிக்காவின் அயோவா மாநிலப் பல்கலைக்கழகத்தில் 18 பாடங்களில், 2020 வசந்தகாலப் பருவத்தின் முதல் பாதியில் நேரில் எழுதிய தேர்வு மதிப்பெண்ணையும், பிற்பாதியில் காவலே இல்லாமல் வீட்டில் எழுதிய தேர்வு மதிப்பெண்ணையும் ஒப்பிட்டார்கள். நேரில் நன்றாக எழுதியவர்கள் வீட்டிலும் நன்றாக எழுதினார்கள், நேரில் பின்தங்கியவர்கள் வீட்டிலும் பின்தங்கினார்கள். முழுவதும் அப்படியே இல்லாவிட்டாலும் தொடர்பு வலுவாகவே இருந்தது. காப்பியடிக்கவும் ஓரளவு பாடம் தெரிந்திருக்க வேண்டும் போலிருக்கிறது. இந்த ஆய்வு வெளியான 2023-இல் அது அளந்த உலகம் முடிந்துபோயிருந்தது என்பதுதான் சிக்கல். 2022 நவம்பர் 30 அன்று சாட்ஜிபிடி வந்துவிட்டது.

அதற்குப் பிறகு நண்பன்கூடத் தேவையில்லை. 2025-இல் கேள்வியைக் காப்பி செய்து ஒட்டும் வேலையும் போயிற்று. ‘பெர்ப்ளெக்சிட்டி’ நிறுவனத்தின் ‘காமெட்’ உலாவியைப் போன்றவை, எல்எம்எஸ் பக்கத்தைத் தாமே திறந்து, கேள்வியைப் படித்து, விடையைச் சொடுக்கி, சமர்ப்பித்தும் விடும். கோர்செரா என்ற இணையவழிக் கல்வித் தளத்தின் பாடம் ஒன்றை, அதுவும் செயற்கை நுண்ணறிவை அறத்தோடு பயன்படுத்துவது பற்றிய பாடத்தை, காமெட்டை விட்டே முடித்துக்கொள்ளும் காணொளி ஒன்றை ஒருவர் எக்ஸ் தளத்தில் போட்டார். பெர்ப்ளெக்சிட்டியின் தலைவர் அரவிந்த் ஸ்ரீநிவாஸ் சென்னையில் பிறந்து சென்னை ஐஐடியில் படித்தவர். தயவுசெய்து இப்படிச் செய்யாதீர்கள் என்ற பொருளில் அவரே அதற்குப் பதில் எழுதினார். கருவியைக் கையில் கொடுத்தவர் சொல்லும் அறிவுரைக்கு எவ்வளவு மதிப்பு என்பதை வாசகர் முடிவுசெய்யட்டும். அதே ஆண்டு ஏர்டெல் தன் 36 கோடி வாடிக்கையாளர்களுக்கு பெர்ப்ளெக்சிட்டியின் கட்டணச் சேவையை ஓராண்டு இலவசமாகக் கொடுத்தது. மாணவரின் சொந்தக் கணினியில் ஓடும் இப்படிப்பட்ட உதவியாளர்களைத் தங்களால் முழுமையாகத் தடுக்க முடியாது என்று கேன்வாஸை நடத்தும் நிறுவனமும் சொல்லிவிட்டது. கடவுச்சொல், ஐபி, கலைப்பு, நேரம் ஆகிய எல்லாமே ஒரு மாணவர் இன்னொருவரிடம் கேட்பதைத் தடுக்கச் செய்தவை. யாரிடமும் கேட்காத மாணவரிடம் அவற்றுக்கு வேலை இல்லை.

இந்த இடத்தில் கொஞ்சம் தடம் மாறித்தான் ஆக வேண்டும். கல்வியில் நேர்மை என்று பேசத் தொடங்கியதும் நம் விரல் மாணவரை நோக்கியே நீள்கிறது. 2024 ஜூலையில் ஊழலுக்கு எதிரான அமைப்பான அறப்போர் இயக்கம் வெளியிட்ட தகவல் நினைவிருக்கலாம். அண்ணா பல்கலைக்கழகத்தின் இணைப்புக் கல்லூரிகளில் 353 ஆசிரியர்கள் ஒரே காலத்தில் ஒன்றுக்கு மேற்பட்ட கல்லூரிகளில் முழுநேரமாகப் பணியாற்றுவதாகக் கணக்குக் காட்டப்பட்டிருந்தது, 224 கல்லூரிகள் இதில் சம்பந்தப்பட்டிருந்தன என்று அந்த இயக்கம் சொன்னது. சென்னைப் பல்கலைக்கழகத்தின் தொலைதூரக் கல்வியில், படிப்பில் சேராத 117 பேர் 2020 டிசம்பரில் நடந்த இணையத் தேர்வை எழுதியிருந்தது பிறகு தெரியவந்தது. திரைக்கு முன்னால் அவர்கள் தலையைத் திருப்பினார்களா என்பதா அங்கே பிரச்சினை? சேராத ஒருவருக்குத் தேர்வு எழுத வழி திறந்தது எந்த மேசை என்பதுதான். தன் கல்லூரியின் ஆசிரியர் பட்டியலில் இருக்கும் பெயரை வகுப்பில் ஒருநாளும் பார்த்திராத மாணவரிடம், வினாத்தேர்வின் தொடக்கத்தில் ‘நான் நேர்மையாக எழுதுவேன்’ என்ற கட்டத்தில் டிக் போடச் சொன்னால், அவர் அதை எப்படி எடுத்துக்கொள்வார்?

சரி, ஆன்லைன் குவிஸையே தூக்கிப் போட்டுவிடலாமா? கூடாது. படித்ததைத் திரும்பத் திரும்ப வாசிப்பதைவிட, மூடிவைத்துவிட்டுத் தன்னைத்தானே சோதித்துப் பார்ப்பது நெடுநாள் நினைவில் நிற்கும் என்பதை அமெரிக்க உளவியலாளர்கள் ரோடிகரும் கார்பிக்கியும் 2006-இல் தெளிவாகக் காட்டினார்கள். ஒரு வாரம் கழித்துக் கேட்டபோது, திரும்ப வாசித்தவர்களைவிடச் சோதித்துப் பார்த்தவர்களுக்கே அதிகம் நினைவிருந்தது. வாராந்திரக் குவிஸின் உண்மையான பயன் இதுதான். இதற்குக் காவல் எதற்கு? எத்தனை முறை வேண்டுமானாலும் எழுதட்டும், தவறான விடைக்கு ஏன் தவறு என்று இரண்டு வரி விளக்கம் வரட்டும். மதிப்பெண் பூஜ்யமாகவோ பெயரளவிலோ இருக்கட்டும். அப்போதும் யூடியூபைப் பார்த்துப் போடுபவர் போட்டுவிட்டுப் போகட்டும், பள்ளி நாட்களில் கோனார் உரையைப் பார்த்து வீட்டுப்பாடம் எழுதிய தலைமுறைதானே நாம்.

மதிப்பெண் கொடுக்கும் வினாத்தேர்வைக் கண் பார்க்கும் இடத்துக்குக் கொண்டுவர வேண்டும். ஆஸ்திரேலியாவின் சிட்னி பல்கலைக்கழகம் எல்லா மதிப்பீட்டையும் இரண்டாகப் பிரித்துவிட்டது. கண்காணிப்போடு நேரில் நடப்பவை ஒரு வகை. மற்ற எல்லாம் இன்னொரு வகை, அவற்றில் செயற்கை நுண்ணறிவைப் பயன்படுத்தலாம். பாதி தடை, பாதி அனுமதி என்ற நடுத்தரம் அங்கே கிடையாது. அவ்வளவு தூரம் போக வேண்டியதில்லை, கிண்டியிலேயே உதாரணம் இருக்கிறது. சென்னை ஐஐடியின் இணையவழி பிஎஸ் டேட்டா சயின்ஸ் படிப்பில் வகுப்பும் வாராந்திர ஒப்படைப்பும் வீட்டிலிருந்தபடியே நடக்கின்றன. குவிஸ்களுக்கும் பருவ இறுதித் தேர்வுக்கும் மாணவர்கள் மையத்துக்கு நேரில் போக வேண்டும். இணையவழிப் படிப்பை நடத்துபவர்களே குவிஸை இணையத்தில் வீட்டுக்கு அனுப்பவில்லை. வளாகத்திலேயே மாணவர்களை வைத்திருக்கும் கல்லூரிகள் ஏன் அனுப்புகின்றன என்பது எனக்கு இன்றுவரை விளங்கவில்லை.

நேரில் நடத்த முடியாத ஒப்படைப்புகளுக்கு வைவா என்ற வாய்மொழித் தேர்வு இருக்கிறது. ஆய்வகத் தேர்வில் நம்மிடம் இருக்கும் பழைய வழக்கம்தான், நாளடைவில் ‘பேர் என்ன, எந்த ஊர்’ என்று கேட்டு அனுப்பும் சடங்காகிவிட்டது. எல்லாரையும் கூப்பிட வேண்டியதில்லை. வகுப்பில் ஒவ்வொரு முறையும் எட்டுப் பேரைக் குலுக்கலில் எடுத்து, அவர்கள் கொடுத்த விடையில் ஒன்றை எடுத்துக்கொண்டு ‘இது ஏன் இப்படி?’ என்று ஐந்து நிமிடம் கேட்கலாம். யார் பெயர் வரும் என்று தெரியாதபோது மீதி ஐம்பது பேரும் ஒருமுறையாவது படித்துவிட்டுத்தான் வருவார்கள். தமிழில் பதில் சொல்ல விட்டால் இன்னும் நல்லது, ஆங்கிலத்தில் எழுத முடியாத எத்தனையோ பேருக்குப் பாடம் தெரியும்.

செலவைக் காட்டி மறுப்பார்கள். 60 கணினி உள்ள ஆய்வகத்தில் 240 மாணவர்களை எழுதவைக்க நான்கு தொகுதிகள் போதும், ஒவ்வொன்றும் முக்கால் மணி நேரம் என்றால் ஒரு பிற்பகல் வேலை. வாராவாரம் முடியாது, பருவத்துக்கு மூன்று முறை நிச்சயம் முடியும். மூடிலுக்கும் சேஃப் எக்ஸாம் பிரவுசருக்கும் காசு கிடையாது. கேமராக் கண்காணிப்பு நிறுவனத்துக்கு மாணவர் தலைக்கு இவ்வளவு என்று கட்டும் தொகை மிச்சமாகும். முதல் தொகுதி வெளியே வந்து நான்காவது தொகுதிக்குக் கேள்வியைச் சொல்லிவிடுமே என்றால், சொல்லும். அதற்குத்தான் வினா வங்கி. ஒரு பாடத்துக்கு முந்நூறு நல்ல கேள்விகள் சேர்க்க ஓர் ஆசிரியருக்கு இரண்டு பருவம் பிடிக்கும். ஒரே பாடத்தை நடத்தும் ஐந்து கல்லூரிகளின் ஆசிரியர்கள் சேர்ந்து உட்கார்ந்தால் ஒரு விடுமுறையில் முடித்துவிடலாம். அந்த வேலைக்கான மணி நேரத்தை அவர்களுடைய பணிநேரக் கணக்கில் சேர்க்க வேண்டும். வகுப்பு, ஆய்வகம், நாக் கோப்பு, சேர்க்கைக்கு ஆள்பிடிக்க ஊர் ஊராகப் போவது என்று நிரம்பி வழியும் அந்தக் கணக்கில் இன்றைக்கு அதற்கு ஒரு மணி நேரம்கூட ஒதுக்கவில்லை.